கங்கைச் சொம்பும் காலராவின் மரபணுவும்

சென்ற மாதம் ஊருக்குச் சென்றிருந்தேன். காசியாத்திரை முடித்துத் திரும்பியிருந்த பெரியப்பா, மூடி பற்றவைத்த சிறு செப்புச் சொம்பொன்றை என் கையில் வைத்தார். கூடவே தம் கைப்பேசிக்கு வந்திருந்த செய்தியொன்றையும் காட்டினார். 1896இல் ஆங்கிலேய அறிவியலாளர் ஒருவரே கங்கைநீரில் காலராக் கிருமி மூன்று மணி நேரத்தில் மடிவதைக் கண்டறிந்துவிட்டார். காய்ச்சினால் அந்த ஆற்றல் அழிந்துவிடும். ஆகவே காய்ச்சாமல் அப்படியே அருந்த வேண்டும் என்பது அச்செய்தியின் சாரம். "நீ ஆராய்ச்சி பண்ற பிள்ளை. இது மெய்தானா, சொல்லு" என்றார். வீட்டில் ஒன்பது மாதக் குழந்தை ஒன்று தவழ்ந்துகொண்டிருந்தது. அதன் வாயில் இரண்டு சொட்டு விடுவதற்காகவே அவர் கேட்கிறார் என்பது சற்றுப் பிறகுதான் எனக்கு விளங்கியது.

ஆம் என்று ஒரு சொல்லில் முடிக்க இயலவில்லை; இல்லை என்று மறுக்கவும் இயலவில்லை. அந்தச் செய்தியில் பாதி உண்மை இருந்தது. மீதிப் பாதியைச் சொல்ல நூற்று முப்பது ஆண்டு வரலாற்றைச் சொல்ல வேண்டும். அன்று அவரிடம் அரைகுறையாகச் சொன்னதை இங்கு முழுமையாக எழுதிவைக்கிறேன். பதிவு நீளமானது, பொறுமையுடன் வாசிக்க வேண்டுகிறேன்.

காலரா நீரின் வழியே பரவுகிறது என்பதை 1854இல் இலண்டனில் ஜான் ஸ்நோ தெருக்குழாய் ஒன்றைச் சுற்றி நேர்ந்த மரணங்களைக் கணக்கிட்டுக் காட்டினார். ஆயினும் நீரில் இருப்பது எது என்ற வினாவுக்கு விடை கிடைக்க மேலும் முப்பதாண்டுகள் ஆயின. செருமானிய அறிஞர் ராபர்ட் கோஹ் 1883இல் எகிப்துக்கும், அங்கிருந்து கல்கத்தாவுக்கும் வந்தார். 1884ஆம் ஆண்டின் தொடக்கத்தில், கல்கத்தாவின் காலராப் பகுதி ஒன்றில் மக்கள் குளிக்கவும் துவைக்கவும் குடிக்கவும் பயன்படுத்திய குளத்தின் நீரிலேயே, நோயாளிகளின் குடலில் தாம் கண்ட வளைந்த கிருமியை அவர் கண்டார். விப்ரியோ காலரே என்று இன்று நாம் அழைக்கும் கிருமி அதுவே. நீரை ஆராய்வதும் நோயை ஆராய்வதும் ஒரே பணியாக இணைந்த தருணம் அது.

எட்டாண்டுகள் கழித்து, 1892இல், எர்னஸ்ட் ஹான்பரி ஹான்கின் என்னும் இளைஞர் ஆக்ராவுக்கு வந்து சேர்ந்தார். வடமேற்கு மாகாணங்களுக்கும் அவத்துக்குமான அரசு வேதியியல் பரிசோதகர் என்பது அவர் ஏற்ற பதவி. கோஹிடமும் பாரிஸின் பாஸ்டர் நிறுவனத்திலும் பயின்றவர். பருந்தும் கழுகும் சிறகசைக்காமல் வானில் மிதப்பது எவ்வாறு என்பதையும் பின்னாளில் ஆண்டுக்கணக்காக ஆராய்ந்து நூல் எழுதிய அளவுக்குப் பலதுறை ஆர்வம் கொண்டவர். ஆக்ரா யமுனைக்கரை நகரம். பிணங்கள் எரிக்கப்படும், மாடுகள் குளிக்கும், நகரின் அழுக்கெல்லாம் சேரும் அந்த ஆற்றின் நீரில் காலராக் கிருமி பெருகிக் கிடக்க வேண்டும் என்பதே எவரும் எதிர்பார்க்கக்கூடியது. ஹான்கின் கண்டதோ வேறு. யமுனை, கங்கை நீரில் கிருமியைக் கலந்து வைத்தால் சில மணி நேரத்தில் அது மடிந்தது. அதே நீரைக் காய்ச்சிவிட்டுக் கலந்தால் கிருமி பிழைத்துப் பெருகியது. நுண்ணிய பீங்கான் வடிகட்டியின் வழியே செலுத்திய பின்னரும் ஆற்றுநீருக்கு அந்தக் கொல்லும் ஆற்றல் எஞ்சியிருந்தது. 1896இல் பாஸ்டர் நிறுவனத்தின் ஆய்விதழில் இதனைப் பிரெஞ்சு மொழியில் வெளியிட்டார். அக்காலத்தில் இந்தியாவில் பயணம் செய்த மார்க் ட்வெய்ன் தம் பயணநூலில் இச்செய்தியை வியந்து எழுதியதால் அது உலகெங்கும் பரவியது. பெரியப்பாவின் கைப்பேசிக்கு வந்து சேர்ந்ததும் அதன் எதிரொலியே.

அச்செய்தியில் விடுபட்டவை இரண்டு. முதலாவது, ஹான்கின் தாம் கண்டதற்குக் கூறிய விளக்கம். மூடி முத்திரையிட்ட குழாயில் வைத்துச் சூடாக்கியபோது ஆற்றல் பெரிதும் கெடவில்லை; திறந்த கலத்தில் சூடாக்கியபோதே கெட்டது. ஆகவே எளிதில் ஆவியாகும் ஏதோ ஒரு வேதிப்பொருளே கிருமியைக் கொல்கிறது என்று அவர் கருதினார். பிற்கால நூல்கள் பலவும் அவர் கண்டது பாக்டீரியாவை அழிக்கும் வைரசையே என்று எழுதிவிட்டன. ஆனால் வைரஸ் மூடிய குழாயில் அவ்வளவு வெப்பத்தைத் தாங்காது. 2011இல் அவரது கட்டுரையை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து மறுபடியும் ஆராய்ந்த அறிஞர்கள், அதனை அந்த வைரசின் முதற்பதிவாகக் கொள்வது ஐயத்துக்குரியது என்றே முடித்தனர். ஆற்றில் அவ்வைரஸ் இருந்திருக்கலாம். ஹான்கினின் குழாயில் வேலைசெய்தது அதுதான் என்பதற்கு உறுதியில்லை.

இரண்டாவது, ஹான்கின் தம் பணியில் நடந்துகொண்ட விதம். ஆற்றுநீர் கிருமியைக் கொல்வதைக் கண்ட அதே மனிதர், காலராப் பரவும் ஊர்களின் கிணறுகளில் பொட்டாசியம் பெர்மாங்கனேட்டைக் கரைக்கும் முறையை வலியுறுத்தியவர். கிணற்றுநீர் இளஞ்சிவப்பாக மாறும் அந்தக் காட்சி இந்தியக் கிராமங்களுக்குப் பல பத்தாண்டுகள் பழக்கமானதாயிற்று. தம் கண்டுபிடிப்பை நம்பி மக்களைக் காய்ச்சாத நீரிடம் ஒப்படைத்துவிட்டு அவர் ஓய்ந்துவிடவில்லை.

இனி அந்த வைரசின் கதை. 1915இல் இங்கிலாந்தில் ஃபிரெடெரிக் டுவார்ட்டும், 1917இல் பாரிஸில் ஃபெலிக்ஸ் டெரெலும் தனித்தனியே அதனைக் கண்டனர். சீதபேதியிலிருந்து தேறிவரும் நோயாளிகளின் மலத்தை வடிகட்டி எடுத்த நீர், சீதபேதிக் கிருமிகளைக் கரைத்து அழிப்பதை டெரெல் கவனித்தார். கிருமியை உண்ணுவது என்ற பொருளில் பாக்டீரியோஃபேஜ் என்று பெயரிட்டார். சுருக்கமாக ஃபேஜ் என்போம். ஒவ்வொரு ஃபேஜும் தனக்குரிய கிருமியை மட்டுமே தாக்கும். அடுத்த கிருமியைத் தீண்டாது. முறையான மருத்துவப் பட்டமேதுமில்லாத டெரெல், நோயைக் குணமாக்க இயற்கையே அமைத்த மருந்து இது என்று உறுதியாக நம்பினார்.

அந்த நம்பிக்கை அவரை 1927இல் இந்தியாவுக்கு அழைத்து வந்தது. கல்கத்தாவின் கேம்பெல் மருத்துவமனையிலும் பஞ்சாபின் கிராமங்களிலும் காலரா நோயாளிகளுக்கு ஃபேஜ் கொடுத்துப் பார்த்தார். பஞ்சாபில் கிணறுகளிலேயே ஃபேஜை ஊற்றினார். ஹான்கின் பெர்மாங்கனேட்டை இட்ட அதே வகைக் கிணறுகளில், முப்பதாண்டுகளுக்குள், கிருமியை உண்ணும் உயிர்த்துகள் இடப்பட்டது. இதனைத் தொடர்ந்து அரசு ஆதரவில் பெரிய விசாரணையொன்று நடைபெற்றது. பாட்னாவில் இகோர் அஷெஷோவும், ஷில்லாங்கின் பாஸ்டர் நிறுவனத்தில் மோரிசனும் அதனை நடத்தினர். அசாமில் நவ்காவ் பகுதியில் ஃபேஜ் வழங்கப்பட்டது. அப்போது அசாமோடு இணைந்திருந்த ஹபிகஞ்ச் ஒப்பீட்டுக்காக விடப்பட்டது. நவ்காவில் நோய் தணிந்தது, ஹபிகஞ்சில் தொடர்ந்தது. ஆயினும் காலரா ஓராண்டு சீறி மறு ஆண்டு தானே அடங்கும் இயல்புடையது. தணிவுக்குக் காரணம் ஃபேஜா, நோயின் இயல்பான ஏற்ற இறக்கமா என்று பிரித்துச் சொல்ல வழியில்லாமற்போயிற்று. 1930களின் நடுப்பகுதியோடு விசாரணை முடிவுக்கு வந்தது. பின்னர் ஆன்டிபயாட்டிக் மருந்துகள் வந்தன. ஃபேஜ் மருத்துவத்தை உலகின் பெரும்பகுதி மறந்தது.

மருந்தாக மறக்கப்பட்ட ஃபேஜ், அதே பத்தாண்டில் வேறொரு துறைக்குள் நுழைந்தது. அந்நுழைவும் நீரின் வழியேதான். கலிஃபோர்னியாவில் எமரி எல்லிஸ் என்பவர் லாஸ் ஏஞ்சலிஸ் நகரக் கழிவுநீரிலிருந்து ஃபேஜைப் பிரித்தெடுத்து ஆராய்ந்துகொண்டிருந்தார். இயற்பியலிலிருந்து உயிரியலுக்கு வந்த மாக்ஸ் டெல்புருக் அந்த ஆய்வுக்கூடத்தில் தட்டுகளில் தோன்றிய வட்டமான வெற்றிடங்களைக் கண்டு நின்றுவிட்டார். ஒவ்வொரு வெற்றிடமும் ஒரு ஃபேஜிலிருந்து பிறந்த பெருங்கூட்டத்தின் தடம். எண்ணக்கூடியது, அரைமணி நேரத்துக்குள் பெருகக்கூடியது, தன்னைப் போன்றதையே மறுபடி ஆக்குவது. மரபு என்றால் என்ன என்பதை ஆராய இதைவிட எளிய உயிர்ப்பொருள் இல்லை என்று அவர் கருதினார். 1939இல் இருவரும் ஃபேஜின் வளர்ச்சி குறித்து எழுதிய கட்டுரை மூலக்கூற்று உயிரியலின் தொடக்கங்களுள் ஒன்று.

அதன்பின் நிகழ்ந்தவை விரைந்து நிகழ்ந்தன. 1943இல் டெல்புருக்கும் சால்வடோர் லூரியாவும், ஃபேஜுக்கு எதிர்ப்புப் பெறும் கிருமிகள் தாக்குதலுக்கு முன்பே தற்செயலாக மாறியிருந்தவை என்று காட்டினர். 1952இல் ஆல்ஃபிரெட் ஹெர்ஷியும் மார்த்தா சேஸும், ஃபேஜின் புரதத்தைக் கதிரியக்கக் கந்தகத்தாலும் டி.என்.ஏ.வைக் கதிரியக்கப் பாஸ்பரசாலும் அடையாளமிட்டு, சமையலறைக் கலவைக்கருவி போன்ற ஒன்றில் சுழற்றிப் பிரித்தனர். கிருமிக்குள் நுழைந்தது டி.என்.ஏ.; புரதத்தின் பெரும்பகுதி வெளியிலேயே நின்றது. மரபுச் செய்தியைச் சுமப்பது டி.என்.ஏ. என்பதற்கு அது வலிமையான சான்றாயிற்று. 1977இல் ஃபிரெடெரிக் சாங்கர் முதன்முதலாக ஒரு டி.என்.ஏ. மரபணுத்தொகுதியை முழுமையாக வாசித்தார். ஏறத்தாழ 5,400 எழுத்துகள் கொண்ட அந்தத் தொகுதி ஒரு ஃபேஜினுடையது. 1930களில் பாரிஸில் டெரெலின் ஆய்வுக்கூடத்தைச் சேர்ந்தவர்கள் தனித்தெடுத்த ஃபேஜ் அது. கல்கத்தாவிலும் பஞ்சாபிலும் மருந்தாகப் பயன் தருமா என்று டெரெல் தேடிய அதே இனப்பொருள், மனிதன் முழுமையாக வாசித்த முதல் டி.என்.ஏ. ஏடாக அமைந்தது.

டி.என்.ஏ.வைக் குறித்த இடத்தில் வெட்டும் நொதிகளை, ஃபேஜிடமிருந்து தங்களைக் காத்துக்கொள்ளக் கிருமிகள் வைத்திருக்கும் ஆயுதங்களாகவே அறிஞர்கள் கண்டெடுத்தனர். வெட்டியதை ஒட்ட ஆய்வுக்கூடங்கள் இன்றும் பயன்படுத்தும் நொதி டி4 என்னும் ஃபேஜிலிருந்து வந்தது. 2020இல் நோபல் பரிசு பெற்ற கிரிஸ்பர் என்னும் மரபணுத் திருத்தமுறையும், ஃபேஜின் டி.என்.ஏ. துணுக்குகளைக் கிருமி நினைவில் வைத்து மறுபடி வரும்போது வெட்டும் காப்புமுறையிலிருந்தே பிறந்தது. தயிராக்கும் கிருமிகளில் 2007இல் அதன் பயன் சோதனையால் உறுதியாயிற்று. மரபணுவியலின் கருவிப்பெட்டியில் பாதிக்கு மேல் கிருமியும் ஃபேஜும் நடத்தும் போரிலிருந்து எடுத்தவை எனலாம். அந்தப் போரின் பெருங்களங்களுள் ஒன்று நீர்.

இதுவரை சொன்னது நீர்வழி கிடைத்த ஃபேஜ் மரபணுவியலுக்கு உதவிய கதை. மரபணுவியல் திரும்பி வந்து அந்த நீரைப் பற்றிச் சொன்னது, கைப்பேசிச் செய்தியை எழுதியவர் விரும்பக்கூடியதன்று.

கோஹ் கிருமியைக் கண்டதற்கும், அது எவ்வாறு கொல்கிறது என்பது விளங்கியதற்கும் இடையே முக்கால் நூற்றாண்டு கழிந்தது. கிருமி குடலைக் கிழிக்கவில்லை, இரத்தத்தில் நுழையவில்லை, ஆயினும் நோயாளி உடலின் நீரெல்லாம் வற்றிச் சில மணி நேரத்தில் இறந்தார். விடை கண்டவர் கல்கத்தாவின் சம்புநாத் டே. கல்கத்தா மருத்துவக் கல்லூரியில், மிக எளிய வசதிகளுடன், முயலின் குடலை இருபுறமும் கட்டி அதனுள் கிருமியைச் செலுத்தி ஆராய்ந்தவர். 1959இல், கிருமிகளை முற்றாக வடிகட்டி நீக்கிய பின் எஞ்சிய நீரை மட்டும் செலுத்தினாலும் குடலில் நீர் பெருகுவதை அவர் காட்டினார். கிருமி வெளியிடும் ஒரு நச்சே காலராவின் காரணம் என்பது அவ்வாறு நிலைநாட்டப்பட்டது. பல்லாண்டுகள் அவர் பெயர் இந்தியாவிலேயே பரவலாக அறியப்படவில்லை. 1978இல் ஸ்டாக்ஹோமில் நடந்த நோபல் கருத்தரங்குக்கு அழைக்கப்பட்டார்; 1985இல் மறைந்தார். அவரை நோபல் பரிசுக்குப் பரிந்துரைத்தவர் ஜோஷுவா லெடர்பர்க். ஃபேஜ் ஒரு கிருமியின் மரபணுவைச் சுமந்துசென்று மற்றொரு கிருமிக்குள் சேர்க்கும் என்பதை 1952இல் நார்ட்டன் ஜிண்டருடன் வெளியிட்டவர் அவர்.

அந்த இரு கண்டுபிடிப்புகளும் 1996இல் ஒன்றாகச் சேர்ந்தன. ஹான்கினின் கட்டுரை வெளிவந்து சரியாக நூறாண்டு. மாத்யூ வால்டரும் ஜான் மெக்கலனோஸும், டே கண்ட நச்சுக்குரிய மரபணுக்கள் காலராக் கிருமியின் சொந்தச் சொத்து அல்ல என்று காட்டினர். அவை நூல்போன்ற ஒரு ஃபேஜின் டி.என்.ஏ.வில் உள்ளவை. அந்த ஃபேஜ் கிருமியைக் கொல்வதில்லை. அதனுள் புகுந்து, அதன் மரபணுத்தொகுதியோடு தன்னை இணைத்துக்கொண்டு, நச்சை ஆக்கும் திறனை அதற்கு அளிக்கிறது. ஆறுகளிலும் கழிமுகங்களிலும் வாழும் விப்ரியோ காலரேக்களில் மிகப் பெரும்பாலானவை அந்த மரபணு இல்லாதவை, கொள்ளைநோயை உண்டாக்காதவை. கொள்ளைநோய்க் கிருமியாக அவற்றுட் சிலவற்றை ஆக்கியது ஒரு ஃபேஜ்.

ஹான்கினின் செய்தியைப் பெருமையுடன் பகிர்வோர் இவ்விடத்தில் சற்று நின்று எண்ண வேண்டும். ஆற்றுநீரில் காலராவைக் கொல்லும் ஃபேஜ் உண்டு, உண்மை. காலராவுக்குக் கொல்லும் நச்சைக் கொடுத்த ஃபேஜும் உண்டு, அதுவும் உண்மை. வங்க நிலத்தின் நீர் இரண்டையும் சுமந்துவந்தது. டாக்காவின் நீர்நிலைகளை ஆராய்ந்து ஷா ஃபாருக்கும் உடன் ஆய்வாளர்களும் 2005இல் வெளியிட்ட முடிவும் இங்கு நினைக்கத்தக்கது. கிருமியைக் கொல்லும் ஃபேஜ்கள் நீரில் மிகுந்திருந்த காலங்களில் காலரா குறைந்தும், அவை குறைந்த காலங்களில் காலரா மிகுந்தும் காணப்பட்டது. நவ்காவில் மோரிசனைக் குழப்பிய இயல்பான ஏற்ற இறக்கத்தில் ஃபேஜுக்கே பங்கிருக்கலாம் என்று அதன்பின் எண்ணத் தோன்றுகிறது. 2013இல் அதைவிட வியப்பான செய்தி வந்தது. டாக்கா நோயாளிகளிடம் காணப்பட்ட ஒரு ஃபேஜ், கிருமிகளுக்கே உரியதெனக் கருதப்பட்ட கிரிஸ்பர் ஆயுதத்தைத் தானே ஏந்தி, கிருமியின் காப்பரணை வெட்டி வீழ்த்துகிறது. இப்போர் முடிவதில்லை, ஒரு பக்கம் நிலையாக வெல்வதும் இல்லை. இன்று நீரில் வெல்லும் ஃபேஜ் நாளையும் நம்மைக் காக்கும் என்று எவரும் உறுதி கூற இயலாது.

கிருமி தன் மரபணுவை மாற்றிக்கொள்ள ஃபேஜ் ஒன்றே வழியன்று. ரீட்டா கோல்வெல் என்ற அமெரிக்க அறிஞர் பல்லாண்டு ஆய்வால் காட்டியபடி, விப்ரியோ காலரே நீரில் மிதக்கும் கடுகளவினும் சிறிய ஓட்டுடலிகளின் மேல் ஒட்டி வாழ்கிறது. அவற்றின் ஓடு கைட்டின் என்ற பொருளாலானது. அந்தக் கைட்டினைத் தொட்டிருக்கும்போது கிருமி தன்னைச் சுற்றி நீரில் கிடக்கும் அந்நிய டி.என்.ஏ.வை உள்ளே இழுத்துக்கொள்ளும் திறன் பெறுகிறது என்று 2005இல் கண்டறியப்பட்டது. இறந்த கிருமி விட்டுச்சென்ற மரபணுவை உயிருள்ள கிருமி எடுத்து அணிந்துகொள்கிறது.

இதன் பொருளைத் தமிழ்நிலம் நேரில் கண்டிருக்கிறது. 1992ஆம் ஆண்டின் பிற்பகுதியில் சென்னையில் காலரா பரவியது. வழக்கமான ஓ1 வகைக்குரிய சோதனைக்கு அக்கிருமி பிடிபடவில்லை. முன்னர் காலரா கண்டு எதிர்ப்பாற்றல் பெற்றிருந்த முதியோரும் நோயுற்றனர். விரைவில் அது கல்கத்தாவுக்கும் வங்கதேசத்துக்கும் பரவியது. ஓ139 என எண்ணிடப்பட்ட அந்தப் புதிய வகை, உண்மையில் பழைய கிருமியே. தன் மேலுறையை ஆக்கும் மரபணுக் கூட்டத்தை மட்டும் வேறெங்கிருந்தோ பெற்று மாற்றிக்கொண்டிருந்தது. பழைய முகத்தையே தேடிய நம் உடலின் காவலால் அதனை அடையாளம் காண இயலவில்லை. பின்னர் 2007இல், கைட்டின் பரப்பின் மேல் ஓ1 கிருமியை ஓ139ஆக மாற்றுவதை ஆய்வுக்கூடத்திலேயே செய்துகாட்டினர்.

அறிவு நுட்பமானது என்பதால் தீர்வும் அவ்வாறே இருக்க வேண்டும் என்பதில்லை. ஓட்டுடலியின் மேல் கிருமி ஒட்டியிருக்கிறது என்றால், ஓட்டுடலியை வடிகட்டினால் போதும் அல்லவா? கோல்வெல்லும் உடன் பணிபுரிந்தோரும் வங்கதேசத்தின் மாத்லப் கிராமங்களில், பழைய பருத்திப் புடவையை நான்காக மடித்து அதன் வழியே நீரைக் குடத்தில் வடிக்கப் பெண்களுக்குப் பயிற்சியளித்தனர். காலரா ஏறத்தாழ பாதியாகக் குறைந்தது. 48 விழுக்காடு என்று 2003இல் வெளியிட்டனர்.

நீரை அதன் மரபணுக்களால் வாசிக்கும் கலை இன்று இந்தியாவில் உயிர்காக்கும் பணியாகவே வளர்ந்திருக்கிறது. மும்பையில் 2001 முதல் சாக்கடைநீரைச் சேகரித்துப் போலியோ வைரசைத் தேடினர். நோயுற்ற குழந்தை ஒன்றும் கண்ணில் படாத பகுதியிலும் நீர் வைரசைக் காட்டிக்கொடுத்தது. அதன் மரபணு வரிசையைப் பார்த்து, அது வடமாநிலங்களில் சுழன்றுகொண்டிருந்த வைரஸ் வழியைச் சேர்ந்தது என்று இனங்கண்டனர். எங்கு மருந்துச்சொட்டு இன்னும் தேவை என்பதைத் தெரிந்துகொள்ள அது துணைநின்றது. 2011 ஜனவரிக்குப் பின் இந்தியாவில் இயற்கைப் போலியோ நோயாளி எவரும் பதிவாகவில்லை. 2014 மார்ச்சில் நாடு போலியோ அற்றதாகச் சான்றளிக்கப்பட்டது.

அதே நீர் நாம் கேட்க விரும்பாததையும் கூறியதுண்டு. கடைசிக் கட்ட ஆன்டிபயாட்டிக்குகளையும் செயலிழக்கச் செய்யும் ஒரு மரபணு 2009இல் புதுதில்லியின் பெயரோடு அறிவியல் ஏடுகளில் இடம்பெற்றது, என்.டி.எம்.1 என்பது அதன் சுருக்கப் பெயர். 2010இல் அது பற்றிய விரிவான ஆய்வுக்கு முதலாசிரியராக இருந்தவர் சென்னைப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த கார்த்திகேயன் குமாரசாமி. அடுத்த ஆண்டு டிமோதி வால்ஷ் குழுவினர், புதுதில்லியில் எடுத்த 50 பொதுக்குழாய் நீர் மாதிரிகளுள் இரண்டிலும், தேங்கியும் கசிந்தும் கிடந்த நீரின் 171 மாதிரிகளுள் 51இலும் அந்த மரபணுவைக் கண்டதாக வெளியிட்டனர். அதனைச் சுமந்த கிருமிகளுள் விப்ரியோ காலரேயும் இருந்தது. அம்மரபணு ஒரு கிருமியிலிருந்து மற்றொன்றுக்குத் தாவுவது 30 பாகை வெப்பத்தில் மிகுந்திருந்தது. நம் நாட்டின் பெரும்பகுதியில் ஆண்டின் பல மாதங்களுக்கு நீர்நிலைகளின் வெப்பம் அதுவே. ஊரின் பெயரை இட்டது குறித்தும் நாட்டின் மதிப்புக் குறித்தும் அப்போது பெருஞ்சினம் எழுந்தது. பெயர் பற்றிய மனக்குறையில் நியாயம் உண்டு என்றே நானும் கருதுகிறேன். ஆனால் சினத்தில் கழிந்த நாட்களிலும் குழாய்நீர் ஓடிக்கொண்டுதான் இருந்தது. ஆன்டிபயாட்டிக் எதிர்ப்புக்கான தேசியச் செயல்திட்டம் 2017இல்தான் வந்தது.

கங்கைநீர் கிருமியைக் கொல்கிறது என்ற ஆய்வு வந்தால் மார்தட்டிக்கொள்கிறோம். தில்லிநீரில் எதிர்ப்பு மரபணு இருக்கிறது என்ற ஆய்வு வந்தால் சதி என்கிறோம். இரண்டையும் சொல்வது நீரைக் கூர்ந்து வாசிக்கும் ஒரே அறிவியல். ஒன்றைப் பூசித்து மற்றொன்றை ஏசுவோர் இரண்டையும் வாசிக்கவில்லை என்றே பொருள்.

பெரியப்பாவிடம் நான் இவ்வளவும் சொல்லவில்லை. எளிமையாகத்தான் சொன்னேன். "அந்த வெள்ளைக்காரர் எழுதினது பொய்யில்ல பெரியப்பா. ஆனா அது காலராக் கிருமிக்கு மட்டுந்தான். டைபாய்டு இருக்கு, மஞ்சக்காமாலை இருக்கு. அதுக்கெல்லாம் அவர் ஒண்ணும் சொல்லல. அவரே கிணத்துல மருந்து போடச் சொன்னவர்தான்" என்றேன். சிறிது நேரம் சொம்பையே பார்த்துக்கொண்டிருந்தார். "அப்ப குழந்தைக்கு?" என்றார். "காய்ச்சி ஆறின தண்ணியே கொடுப்போம்" என்றேன். மறுப்பேதும் கூறாமல் எழுந்து, சொம்பைப் பூசையறையில் விளக்கின் அருகில் வைத்தார். பிறகு அடுப்படிப் பக்கம் திரும்பி, தண்ணீர் கொதித்துவிட்டதா என்று பெரியம்மாவிடம் கேட்டார்.

அந்தச் செய்தி இந்நேரம் இன்னும் எத்தனையோ கைப்பேசிகளுக்குச் சென்றிருக்கும். உங்களுக்கும் வந்தால், ஹான்கின் கிணறுகளில் மருந்திட்டவர் என்ற மீதிப் பாதியையும் சேர்த்து அனுப்புங்கள். வீட்டில் கைக்குழந்தை இருப்போருக்கு முதலில் அனுப்புங்கள்.